மூடாத ஆட்டத்தின் வெயில்

முதலில் தப்புச் செய்தவர் கலியமூர்த்தி. மற்றதெல்லாம், வெயில் உட்பட, அதற்குப் பிறகு வந்ததுதான். தெய்வசிகாமணி யாரிடம் கதையை ஆரம்பித்தாலும் இதைத்தான் முதலில் சொல்வார், கேட்பவர் ஆமாம் என்று தலையாட்டுகிறவரை அடுத்த வாக்கியத்துக்குப் போகமாட்டார்.

கலியமூர்த்தி அவருக்குச் சகலை. அக்காள் திலகவதியை அவர் கட்டினார், தங்கை மங்கையர்க்கரசியை இவர் கட்டினார், முப்பத்தொன்பது வருஷமாக எந்த விசேஷத்துக்குப் போனாலும் இரண்டு பேருக்கும் பக்கத்துப் பக்கத்து இலைதான். சிகாமணி ஐந்தாம் வகுப்போடு நின்று, சர்க்கரை ஆலையில் கரும்பு வண்டிகளை எடைமேடைக்குத் தள்ளி ஏற்றியே தலை நரைத்தவர். கலியமூர்த்தி அதே ஆலைக்கு டிராக்டர் ஓட்டியவர். மங்கை போனபின், கடலூரில் வீட்டுவசதி வாரியக் குடியிருப்பின் மூன்றாம் மாடியில் சிகாமணி ஒற்றை ஆளாக நின்றபோது, செவ்வாய்தோறும் நெல்லிக்குப்பத்திலிருந்து பஸ் ஏறி வந்து கதவைத் தட்டியவர் அந்தக் கலியமூர்த்தி ஒருவர்தான். அதனால்தான் அவர் சொன்ன சொல்லுக்கு எடை கூடிப்போனது.

மகள் செல்வராணி குடும்பத்தோடு தோஹாவுக்குப் போனபோது, மருமகன் ஒரு வீடியோ கேம் பெட்டியை டிவிக்கு அடியில் விட்டுவிட்டுப் போயிருந்தார். அதிலிருந்த ஆட்டங்களில் சுடாமல் குத்தாமல் ஆடக்கூடியது ஒன்றே ஒன்று. மூட்டை ஏற்றிய ஒரு வண்டி, மாடு கிடையாது, நீலத் தொப்பிக்காரன் ஒருவனும் சிவப்புத் தொப்பிக்காரன் ஒருவனும் சேர்ந்து அதை மலையுச்சிக்குத் தள்ளிக்கொண்டு போகவேண்டும், அவ்வளவுதான் ஆட்டம். எழுத்தெல்லாம் இங்கிலீஷ் என்பதால் இரண்டு கிழவர்களும் எதையும் படிக்கவில்லை. எந்தப் பட்டன் தள்ளும், எது திருப்பும் என்பதைக் கட்டைவிரல்களே கற்றுக்கொண்டன. அப்படி ஒரு வருஷம் தள்ளினார்கள். மங்கையைப் பற்றி இருவரும் பேசவில்லை, வண்டியைப் பற்றியே பேசினார்கள்.

புரட்டாசியின் கடைசிச் செவ்வாயன்று வண்டி பாதி மலையில் ஒரு பாறைக்கு முன்னால் வந்து நின்றது. ஆட்டத்துக்குள் அப்போது நாலு மணி இருக்கும். மேற்கே சாய்ந்த வெயில்.

“இடப்பக்கம் திருப்பு சிகாமணி. ஓடையோரம் சமமா இருக்கு.”

“நேரா ஏத்திடலாம் அண்ணே. நாப்பது வருஷம் வண்டி தள்ளினவன் சொல்றேன்.”

“கிழிச்சே! வண்டி தள்ளினவனாம். அன்னிக்கு மங்கையைத் தோள்ல போட்டுக்கிட்டு மூணு மாடி இறங்கி ஓடினவன் நான். நீ அவ செருப்பைக் கையில புடிச்சிக்கிட்டுப் பின்னாலயே வந்தவன்தானே.”

சொல்லிவிட்டார். கலியமூர்த்தி தன் கையிலிருந்த ஆட்ட ரிமோட்டை நாற்காலியிலேயே வைத்தார், குடையை எடுத்தார், படியிறங்கிப் போய்விட்டார். சிகாமணி டிவியை அணைத்தார். டிவியை அணைத்தால் ஆட்டமும் அணைந்துவிடும் என்று அவர் நினைத்தார். அந்தக் குடியிருப்பில் நாற்பது வயது தாண்டிய யாரைக் கேட்டாலும் அப்படித்தான் நினைத்திருப்பார்கள்.

மறுநாள் ஐப்பசி மழை பிடித்தது. கடலூர் மழை பிடித்தால் விடாது, சுவரில் பச்சை படரும், தீக்குச்சி உரசாது, துவைத்த துணி மூன்றாம் நாளும் நாய் நாற்றம் அடிக்கும். அந்த மழைக்குள் காலையில் பல் விளக்கிவிட்டு வந்த சிகாமணி, அணைந்து கிடந்த டிவியின் கறுப்புக் கண்ணாடியிலிருந்து ஒரு கோரைப்பாய் அகலத்துக்கு வெயில் இறங்கி, கூடத்துத் தரையில் சாய்ந்து, அடுப்படி வாசல்வரை நீண்டு கிடப்பதைப் பார்த்தார். நாலு மணி வெயில். காலை வைத்துப் பார்த்தார், சுட்டது. திரும்பிப் போய் ஈர வேட்டியைக் கொண்டுவந்து நாற்காலி முதுகில் விரித்துப் போட்டார், கலியமூர்த்தியின் ரிமோட் கிடந்த நாற்காலியில் மட்டும் போடவில்லை. அரை மணியில் வேட்டி அப்பளமாகக் காய்ந்தது.

காய்ந்த வேட்டிதான் காட்டிக்கொடுத்தது. எதிர்வீட்டுக் கஸ்தூரி வடாம் போட்டுக் கடைகளுக்குக் கொடுத்துப் பிழைப்பவள்; பத்து நாளாகக் கூழைக் கிளறுவதும் பூஞ்சை பிடித்ததைக் கொட்டுவதுமாக இருந்தவளுக்கு, மொடமொடப்பான வேட்டியோடு ஒரு மனிதர் பால் வாங்கிக்கொண்டு படியேறுவதைப் பார்த்ததும் வயிறு எரிந்தது.

“ஐயா, எங்கே காயப்போட்டீங்க?”

“உள்ளே. வெயில் அடிக்குது.”

“உள்ளேயா? எம்மாம் நேரம் அடிக்கும்?”

“விடிஞ்சதிலேர்ந்து நாலு மணிதான்.”

கஸ்தூரி உடனே திரும்பினாள். ஒரு நடை போய் இரண்டு தட்டு ஜவ்வரிசி வடாமைக் கொண்டுவந்து வெயிலில் வைத்துவிட்டு, இந்த வெயிலுக்குக் காக்கை வருமா என்று மட்டும் கேட்டாள். வராது என்றார். “அப்ப வெளி வெயிலைவிட இதுதான் ஒசத்தி” என்று முடிவு கட்டினாள்.

மூன்றே நாளில் எண்பது வீட்டுக்கும் தெரிந்துபோனது. முறத்தோடு வந்தார்கள், சுளகோடு வந்தார்கள், தலையணையும் பள்ளிச் சீருடையும் நனைந்த கல்யாணப் பத்திரிகைக் கட்டும் கொண்டுவந்தார்கள். அந்த வெயில் எப்படி வந்தது என்பதைப் பற்றி இரண்டு நாள் பேசினார்கள், யாருக்கு எந்த வேளை என்பதைப் பற்றி இரண்டு மாதம் சண்டை போட்டார்கள். மிளகாய் காயப்போட்டால் தும்மல் வருகிறதென்று மிளகாய்க்குத் திங்கட்கிழமை ஒதுக்கினார்கள். ஈரக்காலோடு வெயிலை மிதிக்கக்கூடாது என்று ஒரு சட்டம் வந்தது. குடியிருப்போர் சங்கச் செயலாளர் ஞானசேகர் ஒரு நோட்டோடு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார், பி பிளாக்குக்காரர்களை முறை தவறி உள்ளே விட்டதாக அவர் மேல் புகாரும் வந்தது.

கேபிள்காரர் இருதயராஜை அழைத்துவந்து காட்டினார்கள். அவர் வெயிலைச் சுற்றி நடந்து போய், பெட்டிக்கு முன்னால் குந்தி, காதை வைத்துக் கேட்டார்.

“நீங்க டிவியைத்தான் அணைச்சிருக்கீங்க. ஆட்டம் உள்ளே ஓடிக்கிட்டேதான் இருக்கு.”

டிவியைப் போட்டார். சிகாமணியின் ரிமோட்டில் நடுவிலிருந்த உருண்டைப் பட்டனை அமுக்கினார். ஓடிக்கொண்டிருப்பதெல்லாம் வரிசையாக வந்தது: மருமகன் எப்போதோ கேட்ட பாட்டு ஒன்று, பாதி பார்த்த படம் ஒன்று, கடைசியில் வண்டி.

“பாட்டை மூடிடவா?”

“மூடு.”

“படத்தை?”

“மூடு. அதுலயெல்லாம் யார் பேரிலும் எனக்கு வருத்தம் இல்லை.”

“ஆட்டத்தை?”

கூடத்தில் இருந்த பெண்கள் எல்லாரும் ஒரே சமயத்தில் மூச்சைப் பிடித்தார்கள். மூடினால் என்ன ஆகும் என்று கஸ்தூரி கேட்டாள். சேமிக்காததெல்லாம் போய்விடும் என்றார் இருதயராஜ். அன்று மாலையே பெட்டிக்கு மேலே சுவரில் ஒரு காகிதம் ஒட்டப்பட்டது: ‘நடுப் பட்டனை யாரும் அமுக்கக் கூடாது. இப்படிக்கு, சங்கம்.’ மின்சாரம் போனால் என்ன செய்வது என்ற கேள்வி வந்தபோது, மாடிப்படி விளக்குகளுக்காக வைத்திருந்த இன்வெர்ட்டரிலிருந்து ஒயரை இழுத்து மூன்றாம் மாடி வெயிலுக்குக் கொடுப்பதென்று ஏகமனதாகத் தீர்மானம் போட்டார்கள்.

வீடு நிறைந்திருந்தது. ஆனால் வந்தவர்கள் வெயிலிடம் வந்தார்கள். அவர்கள் தங்களுக்குள் பேசிக்கொண்டார்கள், சிகாமணியின் தலைக்கு மேலாகப் பேசினார்கள், அவருடைய டம்ளரில் தண்ணீர் குடித்தார்கள், “ஐயா, கொஞ்சம் காலை மடக்கிக்குங்க, தட்டு வைக்கணும்” என்றார்கள். அவர் மடக்கி மடக்கி ஒருநாள் அடுப்படிக்குள்ளேயே போய்விட்டார். அந்த நாற்காலியில் ஏன் ஒரு ரிமோட் இரண்டு மாதமாகக் கிடக்கிறது என்று யாரும் கேட்கவில்லை. எடுத்து நகர்த்தப் போனால் மட்டும் உள்ளேயிருந்து குரல் வரும்: “அது அங்கேயே இருக்கட்டும்.”

ஒரே ஒரு முறை அவர் மடிக்கு வேலை வந்தது. பி பிளாக்கில் பிறந்து ஆறு நாளான குழந்தைக்கு மஞ்சள் பூத்திருந்தது. மருந்தோடு இளவெயிலும் காட்டுங்கள் என்று டாக்டர் சொல்லியிருந்தார், ஊரில் வெயில் இல்லை. தாய்க்காரி குழந்தையைத் துணியோடு கொண்டுவந்து, தட்டுகளுக்கு நடுவில் இடமில்லாமல், சிகாமணியை உட்காரச் சொல்லி அவர் மடியில் கிடத்தினாள். ஒன்பது நாள் கிடத்தினாள். ஒன்பது நாளும் அவர் முதுகை வளைத்துக் குழந்தையின் கண்ணுக்கு மட்டும் நிழல் கொடுத்துக்கொண்டு, கால் மரத்துப்போனாலும் அசையாமல் உட்கார்ந்திருந்தார். பத்தாம் நாள் குழந்தைக்கு நல்ல நிறம் வந்துவிட்டது, தாய்க்காரி வரவில்லை. வராததில் தப்பில்லை என்று அவருக்குத் தெரியும். இருந்தாலும் பத்தாம் நாளும் அவர் அந்த இடத்தில் போய் உட்கார்ந்தார்.

எல்லாரும் தட்டை எடுத்துக்கொண்டு போனபின்னும் அந்த வீட்டில் நாலு மணியாகவே இருந்தது. பொழுது சாயாத வீட்டில் ஒரு மனிதன் என்ன செய்வான்? டிவியைப் போட்டுப் பார்ப்பார். பாறைக்கு முன்னால் நீலத் தொப்பிக்காரனும் சிவப்புத் தொப்பிக்காரனும் வண்டியில் கை வைத்தபடி நின்றிருப்பார்கள், இரண்டு பேர் முதுகும் மூச்சுக்கு ஏறி இறங்கும். சிவப்புத் தொப்பிக்காரன் கலியமூர்த்தி. அவனையே பார்த்துக்கொண்டு சிகாமணி அந்த நாளின் படிகளை மறுபடி மறுபடி இறங்குவார். மங்கை குளியலறையில் விழுந்தாள், கலியமூர்த்தி தூக்கினார், அதெல்லாம் சரி. வாசலில் அவள் செருப்பு கிடந்தது. வாசல் தாண்டினால் செருப்பில்லாமல் ஓரடி வைக்காதவள் அவள், ஆஸ்பத்திரியில் கண் விழித்துத் திரும்பி நடந்து வரும்போது கேட்பாளே என்று அதை எடுத்தார். அவள் நடந்து வருவாள் என்று அந்த வீட்டில் நம்பியவர் அவர் ஒருவர்தான். அதை யாரிடமும் அவர் சொன்னதில்லை. சொல்ல வேண்டிய ஒரே ஆள்தான் அதைக் கேலியாக்கிவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு போனவர்.

கார்த்திகை போய், மார்கழிப் பனி போய், தை பிறந்தது. வெளியே வெயில் வந்தது. மொட்டைமாடிக்குப் பாய்கள் ஏறின. முதலில் தலையணைகள் வராமல் நின்றன, அப்புறம் மிளகாய், அப்புறம் சீருடை. கடைசியில் கஸ்தூரி ஒருத்தி, அதுவும் காக்கைக்குப் பயந்து. இப்போது சங்கத்துக்கு வேறு ஞானம் வந்தது. இன்வெர்ட்டர் மூன்றாம் மாடிக்குப் போய்விட்டதால் மாடிப்படியில் விளக்கில்லை, இரண்டு பேர் இடறி விழுந்தாயிற்று. கீழ்வீட்டுக்காரர் கூரை சுடுகிறது என்றார்.

“மூடிடுங்க ஐயா” என்றார் ஞானசேகர். “வெளியிலதான் இவ்வளவு வெயில் கெடக்கே.”

“நான் மூடமாட்டேன்.”

“ஒரு பட்டன்தானே?”

“பந்தியில பாதியில எழுந்து போனவன் இலையைப் பக்கத்துல உக்காந்தவன் மடிப்பானா? அவனவன் இலையை அவனவன்தான் மடிக்கணும். எழுந்து போனவர் வந்து மூடட்டும்.”

அடுத்தவர் இலையை மடித்த ஆள் அந்தக் குடியிருப்பில் யாரும் இல்லை. ஆகவே ஞானசேகரும் கஸ்தூரியும் ஒரு பை வடாமோடு நெல்லிக்குப்பம் போனார்கள், தை மூன்றாம் செவ்வாயன்று கலியமூர்த்தியை அழைத்துக்கொண்டே வந்துவிட்டார்கள். தை பிறந்ததிலிருந்து கூடத்தை மறந்திருந்த எல்லாரும் அன்று வெறும் கையோடு வந்து சுவரோரம் நின்றார்கள். சிகாமணி அடுப்படியில், கழுவிய டம்ளரையே கழுவிக்கொண்டிருந்தார்.

“என்ன சகல, வீட்டுக்குள்ளயே வெயில் வெச்சிருக்கியாமே.”

“நீங்க வெச்சிட்டுப் போனது.”

கலியமூர்த்தி வெயிலைப் பார்த்தார். இளைத்திருந்தார். நாற்காலியில் கிடந்த ரிமோட்டைப் பார்த்து, அதன் மேல் இருந்த தூசியைத் துண்டால் துடைத்து எடுத்தார். “எந்தப் பட்டன்ப்பா?”

இருதயராஜ் காட்டினார். உருண்டைப் பட்டன், வரிசை, வண்டி, மூடு. திரையில் ஒரு கேள்வி வந்து நின்றது.

“என்ன கேக்குது?”

“சேமிக்காததெல்லாம் போயிடும், மூடிடலாமான்னு கேக்குதுய்யா.”

கட்டைவிரல் பட்டன் மேல் இருந்தது. அப்போது சிகாமணி அடுப்படியிலிருந்து வெளியே வந்தார்.

“சொல்லிட்டு மூடுங்க.”

“என்னத்தைச் சொல்ல?”

“செருப்பைப் பத்திச் சொன்னீங்களே. அதைச் சொல்லியிருக்கக் கூடாதுன்னு சொல்லுங்க.”

“நடக்காததையா சொன்னேன்?”

“நடந்ததுதான்.”

“பின்னே?”

“நடந்ததையெல்லாம் சொல்லிட முடியுமா அண்ணே.”

சுவரோரம் நின்றவர்கள் தரையைப் பார்த்தார்கள். கஸ்தூரி ஒரு காலித் தட்டை எடுத்துத் திருப்பி வைத்தாள். கலியமூர்த்தி கட்டைவிரலைப் பட்டனிலிருந்து எடுத்தார், நாற்காலியில் மெதுவாக உட்கார்ந்தார்.

“ஏம்ப்பா, உச்சிக்குப் போயிட்டா?”

“உச்சிக்குப் போனா தானா சேமிச்சுக்கும். அதுக்கப்புறம் மூடினா ஒண்ணும் போகாது” என்றார் இருதயராஜ்.

“அப்ப தள்ளிடுவோம்.” சிகாமணி பக்கம் திரும்பாமலே சொன்னார்: “நீ சொன்ன மாதிரி நேராவே ஏத்துவோம். வா.”

தள்ளினார்கள். பாறையைத் தாண்டி வண்டி முனகிக்கொண்டு ஏறியது. ஏறினதும் கூடத்து வெயில் ஒரு சாண் நகர்ந்து அடுப்படி வாசலுக்குள் நுழைந்ததை எல்லாரும் பார்த்தார்கள். நூற்றுப் பன்னிரண்டு நாளுக்குப் பிறகு அந்த வீட்டில் நாலேகால் மணி ஆனது. உச்சி சேரும்வரை ஒயரைப் பிடுங்குவதில்லை என்று ஞானசேகர் நோட்டில் எழுதிக்கொண்டார். கலைந்து போனார்கள்.

அதன்பின் செவ்வாய்தோறும் கலியமூர்த்தி வந்தார். ஒரு டீ, ஒரு மணி நேரம் தள்ளல், புறப்பாடு. வாரத்துக்கு வாரம் கூடத்தில் வெயில் நீண்டது, மஞ்சளானது, சுவரில் ஏறியது, சுடுவதை விட்டது. வேறு யாரும் வருவதில்லை. மாசி கடைசி வாரத்தில் வெயில் செம்பு நிறமாகி நாள்காட்டி ஆணியைத் தொட்டபோது, சிகாமணி திரையில் உச்சியைப் பார்த்தார்: ஒரு மரம், ஒரு கொடி, அதற்கு மேல் மலை இல்லை. உச்சி வந்தால் ஆட்டம் முடியும். முடிந்தால் பெட்டி தானாகச் சேமித்துக்கொள்ளும், சகலை மூடிவிடுவார், அப்புறம் செவ்வாய்க்கிழமை என்று ஒன்று கிடையாது. சொல்லும் வராது, ஆளும் வரமாட்டார்.

அன்று, உச்சிக்குப் பத்தடி இருக்கும்போது, சிகாமணி கட்டைவிரலைத் தளர்த்தினார். நாற்பது வருஷம் கரும்பு வண்டி தள்ளிய உடம்பு அது, அப்படி ஒரு காரியத்தை அது ஒருநாளும் செய்ததில்லை. நீலத் தொப்பிக்காரன் சோர்ந்து நிற்க, வண்டி இரண்டு அடி பின்னால் சரிந்தது, சுவரில் வெயில் இரண்டு விரல் கீழே இறங்கியது.

“யோவ், தள்ளுய்யா!”

“தள்றேன் அண்ணே. வழுக்குது.”

அடுத்த வாரமும் வழுக்கியது. அதற்கடுத்த வாரமும் வழுக்கியது. மூன்றாம் வாரம் கலியமூர்த்தி திரையை விட்டுவிட்டு, சிகாமணியின் கட்டைவிரலையே பார்த்தார். பட்டனைத் தொடாமல் அதற்கு மேலே ஒரு நூல் இடைவெளியில் நின்றுகொண்டிருந்தது அது. பார்த்தவர் தன் பட்டனை மட்டும் முழு பலத்தோடு அமுக்கிக்கொண்டு, வண்டி முழுக்கத் தன் பக்கம் சாய்வதைத் தாங்கிக்கொண்டு, நேரம் ஆகிறவரை அப்படியே இருந்தார். பிறகு ரிமோட்டை நாற்காலியில் வைத்தார், எழுந்தார். சிகாமணி வாசல்வரை கூடவே வந்தார்.

“இன்னும் நாலடிதான் சகல. அடுத்த செவ்வாய் முடிச்சிடலாம்.”

“முடிக்கிறதுக்கு முன்னாடி நீங்க ஒண்ணு சொல்லணும்.”

“தெரியும்.”

“தெரிஞ்சா சொல்லுங்க.”

கலியமூர்த்தி படிக்கட்டைப் பார்த்தார், சிகாமணியின் முகத்தைப் பார்த்தார், மறுபடி படிக்கட்டைப் பார்த்தார்.

“பஸ்ஸுக்கு நேரமாச்சு” என்றார்.

கடலூரிலிருந்து நெல்லிக்குப்பத்துக்கு ஐந்து நிமிஷத்துக்கு ஒரு பஸ் உண்டு. சிகாமணி அதைச் சொல்லவில்லை. “சரி, போயிட்டு வாங்க” என்றார், கீழே கடைசிப் படி இறங்குகிற சத்தம் கேட்கிறவரை கதவைச் சாத்தாமல் நின்றார்.